ஆறாயிரம் ரூபாய்க்கு ருசி

தனி நடை என்றுதான் பதிவு.
ஒருவருக்கு ஆறாயிரம், தண்ணீர்ப் போத்தல் இலவசம்,
கரடிப்போக்குச் சந்தியில் தொடங்கி
டிப்போச் சந்தியில் கொத்தோடு முடியும்.
ஆனால் கிளிநொச்சியில் எவர்தான் தனியாக நடந்தது?
முதற்கடையில் வடைக்குக் காசு கொடுக்குமுன்
கடைசிக்கடை ரூபகாந்தன் போன் அடித்துவிட்டான்:
"தர்மினியக்கா, உங்கட ஆள் உறைப்புத் தின்பாரோ?"

ஆள் ஆரியதிலக. மாத்தறை.
முப்பத்தெட்டு வருசம் ஓட்டல் குசினி.
தின்பார். எதையும் தின்பார்.
வடையைக் கடித்து, மென்று, விழுங்கி,
கைலேஞ்சியால் வாயைத் துடைத்துவிட்டு
என் அரைகுறைச் சிங்களத்துக்கு இறங்கி
மெல்ல மெல்லச் சொன்னார்:
காய்ச்சல் வந்துபோனது. மூக்கும் நாக்கும்
அதோடேயே போனவை, இரண்டு வருசம், திரும்பவில்லை.
ருசியை நீங்கள் சொல்லுங்கள்.
அதற்குத்தான் காசு.

நான் வழமையாகச் சொல்வது ஒரே சொல்:
நல்லாயிருக்கும்.
அதையே சொன்னேன்.
அவர் சிரிக்கவில்லை.

மாங்குளத்துப் பொடியன் ஒருத்தன்
பேசினில் மஞ்சளாய்க் குவித்த பாலைப்பழத்தைச்
சுண்டால் அளந்து தந்தான்.
இனிப்பு, என்றேன்.
எந்த இனிப்பு?
சீனியில்லை. தேனுமில்லை.
இன்னொன்றை வாயில் போட்டு
சனத்துக்குள் தெரிந்த முகத்தைத் தேடுவதுபோல்
என் வாய்க்குள்ளேயே தேடினேன்.
முதலில் பால். பிறகு பிசின்.
உதட்டை உதட்டோடு ஒட்டி
கதையாதே என்கிற இனிப்பு.
அவர் உதடும் ஒட்டியிருந்தது.
அந்த மட்டும் சரி.

இரணைமடு ஜப்பான் மீன், பொரித்தது.
சேறு, என்றேன். முதல் மழை விழுந்த வயல்.
கொப்பியில் குறித்துக்கொண்டார்.
புவிராணி தாச்சியை விட்டுவிட்டு வந்தாள்:
"என்ர மீனிலை சேறோ? புளி விட்டு
மூண்டுதரம் கழுவினது!"
சேற்றை வெட்டிப் புளி என்று எழுதவைத்தேன்.

எருமைத்தயிருக்கு எனக்குச் சொல்லே வரவில்லை.
அவர் கரண்டியைச் சட்டிக்குள் குத்திக் கையை எடுத்தார்.
நின்றது.
அதைத் தானே எழுதினார்.

அடுத்தது கஞ்சிக்கடை.
ஒரு மிடறு குடித்தேன்,
அப்படியே கோப்பையைப் பிடித்தபடி இருந்தேன்.
என் முகத்தைப் பார்த்து அவரும் நிறுத்தினார்.
"லுணு?"
ஓம். உப்பு. போட மறந்திருக்கிறார்கள்.
"எனக்கு எல்லாமே இப்படித்தான்," என்றார்.
"ஒருவருக்கும் விளங்கவில்லை. மனைவிக்கும்."

எனக்கு விளங்கப்படுத்தத் தேவையில்லை.
பதினாறு வயதில், கடலுக்கு இருநூறு யார் இங்கால்,
வரிசையில் நின்று வாங்கிக் குடித்தது.
கடல் முழுக்க உப்பு.
அதற்குப் போய் வர முடியாது.
அந்த ருசியை இந்த நடையில்
நான் ஒருநாளும் விற்றதில்லை.
அவர் கேட்கவில்லை.
என் சிங்களமும் அவ்வளவு தூரம் போகாது.

"ஐயோ அக்கா!" என்று கடைப்பெட்டை
உப்புச்சரையோடு ஓடிவந்தாள்.
ஒரு சிட்டிகை. கலக்கினேன். குடித்தேன்.
வந்துவிட்டதா?
வந்துவிட்டது.
எப்படி இருக்கிறது?
பதில் சொல்லாமல் அவர் கோப்பைக்கும்
ஒரு சிட்டிகை போட்டேன்.
ஏனென்று தெரியாது.
அடிமட்டும் குடித்தார்.

டிப்போச் சந்தியில் கொத்து.
தகடு இரண்டும் கல்லில் அடிக்க அடிக்கக்
கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தார்.
ஒரு வாய் மென்றார். பல்லுக்குள் எதையோ எண்ணினார்.
பிறகு வவுனியா பஸ்.
ஆறாயிரத்தை மடிக்காமல் தந்து,
கொப்பியைச் சேட்டுப் பைக்குள் வைத்து,
யன்னலால் ஒன்று கத்திவிட்டுப் போனார்.

வீடு போய்ச் சேருமுன் போன்.
"அக்கா, உண்மையைச் சொல்லுங்கோ,
என்ர கொத்துக்கு ஆள் என்ன சொன்னவர்?"

லீக்ஸ் கூடவாம் ரூபன்.